முறைத் தண்ணீர் நின்ற பிறகு
கொங்கு நாட்டில் உறவும் தனிமையும்

2025 மே மாதத் தொடக்கத்தில், ஈரோடு மாவட்டம் சிவகிரி அருகே ஒரு தோட்டத்து வீட்டில் வயதான கணவனும் மனைவியும் கொலையுண்டு கிடந்தது தெரியவந்தது. அவர்கள் இறந்து அதற்குள் சில நாட்கள் ஆகியிருந்தன. அதற்குச் சில மாதங்கள் முன்பு, 2024 நவம்பர் இறுதியில், பல்லடத்தை அடுத்த சேமலைக்கவுண்டம்பாளையத்தில் தாய், தந்தை, மகன் மூவரும் தங்கள் தோட்டத்து வீட்டிலேயே கொல்லப்பட்டார்கள். கொங்கு நாடே பதறியது. போலீஸ் ரோந்து, கண்காணிப்பு கேமரா, துப்பாக்கி உரிமம் என்று பேச்சு பல பக்கம் போனது. அவையெல்லாம் பேச வேண்டியவைதான். ஆனால் செய்தியைப் படித்தபோது என்னை நிறுத்தியது அந்தச் ‘சில நாட்கள்’. ஒரு வீட்டில் இரண்டு பேர் இல்லாமல் போனதை ஊர் அறியச் சில நாட்கள் ஆகும் என்கிற நிலைக்கு இந்த மண் எப்படி வந்து சேர்ந்தது?

தனிமை என்றதும் நம் மனசில் எழுவது பெருநகரத்து அடுக்குமாடி. கொங்கு நாட்டைப் பொறுத்தவரை கதையைத் தோட்டத்திலிருந்துதான் தொடங்க வேண்டும். காவிரி டெல்டாவில் வீடுகள் தெருவாகச் சேர்ந்திருக்கும், வயல் ஊருக்கு வெளியே இருக்கும். இங்கே அப்படியில்லை. மழை குறைந்த மேட்டு நிலம், கிணற்றை நம்பிய வெள்ளாமை. கிணறு இருக்கிற இடத்தில் குடும்பம் இருந்தாக வேண்டும். அதனால் ஊருக்குள் ஒரு வீடு இருந்தாலும் தோட்டத்திலேயே ஒரு சாளை கட்டிக்கொண்டு அங்கேயே வாழ்ந்தார்கள். ஒரு சாளைக்கும் அடுத்த சாளைக்கும் நடுவே நாலு காடு இருக்கும். காங்கேயம் பகுதியில் ஓலப்பாளையத்தில் 1960களில் தங்கி ஆய்வு செய்த கனடிய மானுடவியலாளர் பிரெண்டா பெக், 1972-ல் வெளிவந்த தம் நூலில் இந்த நாட்டின் குடியமைப்பையும் உறவுமுறைகளையும் விரிவாக எழுதியிருக்கிறார். தூரத்தை மட்டும் வைத்துப் பார்த்தால் இந்த மக்கள் தலைமுறை தலைமுறையாகத் தனித்திருந்தவர்கள். ஆனாலும் அவர்கள் தனிமையில் இருக்கவில்லை.

காரணம் பாசம் என்று சொல்லிவிட்டால் எளிது. எனக்கு அது போதுமானதாகத் தெரியவில்லை. காரணம் வேலை. கவலை ஓட்டித் தண்ணீர் இறைத்த காலத்தை எண்ணிப் பாருங்கள். ஒருவர் சரிவில் மாடுகளை ஓட்ட வேண்டும், தோல் சால் நிரம்பி மேலே வரும். இன்னொருவர் வயலில் நின்று மடை மாற்ற வேண்டும். கிணறு பெரும்பாலும் பங்காளிகளுக்குப் பொது. இன்று உன் முறை, நாளை என் முறை. முறைத் தண்ணீரில் சண்டை வராத குடும்பம் கிடையாது. மண்வெட்டியோடு அடித்துக்கொண்டவர்கள்கூட மறுநாள் அதே கிணற்று மேட்டில் முகம் பார்த்தாக வேண்டும். அண்ணன் இரண்டு நாள் தண்ணீர் கட்ட வரவில்லை என்றால் தம்பிக்குத் தெரியாமல் இருக்க வழியே இல்லை. பேச்சுவார்த்தை நின்றுபோன வீட்டில்கூட, ஆள் இருக்கிறாரா இல்லையா என்பது பக்கத்துத் தோட்டத்துக்குத் தெரிந்தது.

1932-ல் பைக்காரா மின்சாரம் கோவைக்கு வந்தது. ஆலைகள் பெருகின, பிறகு பம்பு செட் பெருகியது. மின்சாரம் இந்த விவசாயிகளை முதலில் பிரிக்கவில்லை, ஒன்றுசேர்க்கத்தான் செய்தது. வையம்பாளையம் நாராயணசாமி நாயுடு தலைமையில் மின்கட்டண உயர்வை எதிர்த்து 1972-ல் ஆயிரக்கணக்கான மாட்டு வண்டிகளைக் கொண்டுவந்து கோவையை அடைத்தவர்கள் இவர்கள்தான். பக்கத்துத் தோட்டக்காரன் இல்லாமல் அந்தப் போராட்டம் நடந்திருக்காது. 1990-ல் விவசாயத்துக்கு மின்சாரம் இலவசமானது. அது நியாயமான வெற்றி, அதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் கிணறு வற்றி ஆழ்துளைக் கிணறு வந்தபோது ஒவ்வொரு தோட்டமும் தனக்கென ஒரு குழாயை ஆயிரம் அடிக்கும் கீழே இறக்கிக்கொண்டது. முறை போயிற்று. இரவில் வரும் மும்முனை மின்சாரத்துக்கு மோட்டாரைப் போடவும் செல்பேசியிலேயே வசதி வந்துவிட்டது. அண்ணன் வந்தாரா, வரவில்லையா என்று தம்பி அறிய வேண்டிய அவசியம் அத்தோடு முடிந்தது.

பிள்ளைகள் கதை இதோடு சேர்ந்தது. தமிழ்நாட்டில் குழந்தைப் பேறு மிக விரைவாகக் குறைந்த பகுதிகளில் ஒன்று கொங்கு. நிலம் துண்டாகிவிடக் கூடாது, பிள்ளையை நல்ல பள்ளியில் படிக்க வைக்க வேண்டும் என்ற இரண்டு கவலைகளும் ஒரு பிள்ளை, மிஞ்சினால் இரண்டு என்ற கணக்குக்குக் கொண்டுவந்தன. அந்தப் பிள்ளை விடுதியில் தங்கிப் படித்தது, பொறியியல் கல்லூரிக்குப் போனது, பெங்களூருவுக்கோ டெக்சாஸுக்கோ போனது. பெற்றோர் ஆசைப்பட்டதும் அதைத்தான். 2021-ல் தமிழ்நாட்டு மக்கள்தொகையில் 60 வயதைத் தாண்டியவர்கள் 13.6 விழுக்காடு, 2031-ல் இது 18.2 விழுக்காடாகும் என்பது மத்திய அரசின் மதிப்பீடு. கேரளத்துக்கு அடுத்து இந்தியாவிலேயே முதுமை மிக்க பெரிய மாநிலம் நம்முடையது. இன்றைய தோட்டத்து வீட்டில் பெரும்பாலும் மிஞ்சியிருப்பது அப்பாவும் அம்மாவும், ஒரு நாயும், வாசல் கேமராவும். கேமராவில் தெரிவதை வெளிநாட்டில் இருக்கும் மகன் பார்த்துக்கொள்கிறான். அவன் பாசம் பொய்யில்லை. ஆனால் இரவு பத்து மணிக்கு அம்மாவுக்கு நெஞ்சு அடைத்தால் ஓடிவரக் கூடியவர் பக்கத்துக் காட்டுக்காரர்தான். அவரோடு பேசி எத்தனை நாள் ஆயிற்று என்பதுதான் கேள்வி.

நகரத்துக்குள்ளும் நடந்தது இதேதான், வேறு உருவில். கோவையின் முதல் பெரிய நூற்பாலையான கோயம்புத்தூர் ஸ்பின்னிங் அண்ட் வீவிங் மில் 1888-ல் தொடங்கியது. அடுத்த நூறாண்டில் சிங்காநல்லூரிலும் பீளமேட்டிலும் உப்பிலிபாளையத்திலும் மில் சங்குதான் ஊரின் கடிகாரம். தொழிலாளர்கள் குடியிருந்தது லைன் வீடுகளில். ஒரே ஓட்டுக் கூரைக்குக் கீழே வரிசையாகப் பத்து வீடு, ஒரு குழாயடி, இரண்டு கழிப்பறை. யாரும் அதைச் சொர்க்கம் என்று சொல்ல மாட்டார்கள். அடுத்த வீட்டுக் குழந்தை அழுவது உன் வீட்டில் கேட்கும், உன் வீட்டுச் சண்டை பத்து வீட்டுக்கும் கேட்கும். ஆனால் இரவு ஷிப்டுக்குப் போகிற பெண் குழந்தையைப் பக்கத்து வீட்டில் விட்டுப் போனாள், நாளைக்கு அவள் பிள்ளையை இவள் பார்த்தாள். சங்கம், படிப்பகம், மில் வாசல் டீக்கடை எல்லாம் அந்த ஷிப்டைச் சுற்றி வளர்ந்தவை. பல ஆலைகள் ஒவ்வொன்றாக நின்றன. தேசிய பஞ்சாலைக் கழகத்தின் ஆலைகள் 2020 மார்ச் ஊரடங்கில் மூடப்பட்டன. போனது சம்பளம் மட்டுமில்லை. காலையில் எழுந்து போக ஓர் இடமும், வரவில்லை என்றால் விசாரிக்க நாலு பேரும் போனார்கள்.

இப்போதைய கோவையின் வேலை சரவணம்பட்டியிலும் கீரணத்தத்திலும் விளாங்குறிச்சியிலும் இருக்கிறது. ஐடி நிறுவனங்களைச் சுற்றி பெண்கள் விடுதி, ஆண்கள் விடுதி, ஒற்றைப் படுக்கையறைக் குடியிருப்புகள். இருபத்துமூன்று வயதில் தேனியிலிருந்தோ தர்மபுரியிலிருந்தோ வந்த பெண்ணுக்கு அறையில் மூன்று பேர் இருக்கலாம். மூவருக்கும் மூன்று ஷிப்டு. அமெரிக்கச் சமூகவியலாளர் ராபர்ட் வெய்ஸ் 1973-லேயே தனிமையை இரண்டாகப் பிரித்துக் காட்டினார். மனம் திறக்க நெருக்கமான ஒருவர் இல்லாத தனிமை ஒன்று. சேர்ந்திருக்க ஒரு வட்டம் இல்லாத தனிமை மற்றொன்று. ஒன்று கிடைத்தால் மற்றது தீர்ந்துவிடாது. விடுதிப் பெண்ணுக்கு அம்மா தினமும் போன் செய்கிறாள், ஆனால் சேர்ந்து நடக்க ஒரு கூட்டம் இல்லை. நடைப்பயிற்சிக் குழுவில் இருபது பேரோடு சிரித்துப் பேசுகிற பெரியவருக்கு, மனைவி போன பிறகு மனம் விட்டுப் பேச ஒருவரும் இல்லை.

கூட்டத்துக்கு நடுவே தனித்திருப்பதற்குக் கொங்கில் இதைவிடக் கடுமையான உதாரணம் ஆலை விடுதிகள். மூன்று ஆண்டு வேலை செய்தால் கல்யாணச் செலவுக்கு ஒரு தொகை என்று சொல்லி ஏழைப் பெண்களை ஆலை வளாகத்துக்குள்ளேயே தங்க வைத்த சுமங்கலித் திட்டம் பற்றித் தொழிலாளர் அமைப்புகள் நிறைய ஆவணப்படுத்தியிருக்கின்றன. அறைக்குப் பத்துப் பேர் இருந்தும், வெளியே போக அனுமதி வேண்டும், போனில் பேச நேரம் வேண்டும். தென்மாவட்டப் பெண்கள் இருந்த இடத்தில் இன்று ஒடிசாவிலிருந்தும் ஜார்கண்டிலிருந்தும் வந்த பெண்கள் பலர். திருப்பூரில் பனியன் கம்பெனிகளை ஓட்டுவதில் பெரும் பங்கு வடமாநிலத் தொழிலாளர்களுடையது. 2023 மார்ச்சில் பீகார் தொழிலாளர்கள் தமிழ்நாட்டில் தாக்கப்படுவதாகப் பொய்க் காணொளிகள் பரவியபோது அவர்களிடையே பரவிய அச்சத்தை நாம் பார்த்தோம். ஒரே தெருவில் ஆண்டுக்கணக்காகக் குடியிருந்தும், ‘அது பொய், நாங்க இருக்கறோம், பயப்படாதீங்க’ என்று அவர்களிடம் சொல்லப் பக்கத்து வீட்டில் ஓர் ஆள் பழகியிருக்கவில்லை. எனக்கு அது வதந்தியைவிடப் பெரிய தோல்வியாகப் படுகிறது.

இதெல்லாம் மனக் கஷ்டம், காலம் ஆற்றிவிடும் என்று தள்ளிவிட முடியாது. ஜூலியான் ஹோல்ட்-லன்ஸ்டாடும் அவருடைய சக ஆய்வாளர்களும் 2010-ல் 148 ஆய்வுகளை, மூன்று லட்சத்துக்கும் மேற்பட்டவர்களின் தரவுகளை ஒன்றுசேர்த்துப் பார்த்தார்கள். உறவு வலுவாக இருந்தவர்கள் உயிரோடு இருக்கும் வாய்ப்பு 50 விழுக்காடு கூடுதல் என்பது அதன் முடிவு. உலக சுகாதார நிறுவனத்தின் ஆணையம் 2025 ஜூனில் வெளியிட்ட அறிக்கை, உலகில் ஆறில் ஒருவர் தனிமையால் பாதிக்கப்பட்டிருக்கிறார் என்கிறது. ஆண்டுக்கு 8,71,000 மரணங்களை அதோடு தொடர்புபடுத்துகிறது. இங்கிலாந்து 2018-லும் ஜப்பான் 2021-லும் இதற்கென்றே அமைச்சர்களை நியமித்தன. இது மேலைநாட்டு வியாதி, நம் குடும்ப அமைப்பு நம்மைக் காக்கும் என்று நம்புகிறவர்கள் அதே அறிக்கையின் இன்னொரு கணக்கைக் கவனிக்க வேண்டும்: குறைந்த வருமான நாடுகளில் தனிமையை உணர்வதாகச் சொன்னவர்கள் ஏறத்தாழ 24 விழுக்காடு, உயர் வருமான நாடுகளில் 11 விழுக்காடு.

எது மனிதரை மனிதரோடு சேர்த்து வைக்கிறது என்பதற்கு நான் படித்ததில் மிக உறுதியான சான்று சிகாகோ நகரிலிருந்து வருகிறது. 1995 ஜூலையில் அங்கே வீசிய வெப்ப அலையில் வழக்கத்தைவிட 739 பேர் கூடுதலாக இறந்தார்கள். தனியாக வாழ்ந்த முதியவர்கள் பலர் அதில் உண்டு. எரிக் கிளினன்பெர்க் என்ற சமூகவியலாளர் அடுத்தடுத்து இருந்த இரண்டு பகுதிகளை எடுத்துக்கொண்டார். இரண்டிலும் ஏழைகள், இரண்டிலும் தனித்து வாழும் முதியவர்கள். ஒன்றில் லட்சத்துக்கு 40 பேர் இறந்தார்கள், மற்றதில் லட்சத்துக்கு 4 பேர். முதல் பகுதியில் ஆலைகள் மூடி, கடைகள் ஒழிந்து, தெரு வெறிச்சோடிப் போயிருந்தது. இரண்டாவதில் தெரு முழுக்கக் கடை. அங்கே முதியவர்கள் வெயிலுக்குக் கடைக்குள் வந்து நின்றார்கள். வராதவரைப் பற்றிக் கேட்க ஆள் இருந்தது. அந்தப் பகுதி மக்கள் மற்றவர்களைவிடப் பாசம் மிக்கவர்கள் என்பதற்கில்லை. அவர்களுடைய தெரு அவர்களை வெளியே வரவைத்தது.

இதை மனதில் வைத்துக்கொண்டு ஒரு காலையில் ஆர்.எஸ்.புரம் உழவர் சந்தைக்குப் போய்ப் பாருங்கள். 1999-ல் தொடங்கிய திட்டம். விவசாயி இடைத்தரகர் இல்லாமல் விற்பதற்காக வந்தது. அங்கே மஞ்சள் பையோடு வருகிற பெரியவர் ஒருவர் கால் கிலோ தக்காளி, ஒரு கட்டு அரைக்கீரை, நாலு பச்சை மிளகாய் வாங்குவார். அவருக்கு அது ஒரு நாளைக்குத்தான் போதும். ஒரு வாரத்துக்குச் சேர்த்து வாங்கிக் குளிர்பெட்டியில் வைக்க அவருக்குத் தெரியாமல் இல்லை. நாளைக்கும் வர வேண்டும், அதற்காகத்தான் கால் கிலோ. கடையில் உட்கார்ந்திருக்கிற அம்மா தராசைப் பிடித்துக்கொண்டே, “ஏனுங்க, ரெண்டு நாளா ஆளயே காணமே, மேலுக்கு சொகமில்லீங்களா?” என்று கேட்கிறார். அந்த ஒரு கேள்வியைக் கேட்க எந்தச் செயலியாலும் முடியாது. பத்து நிமிடத்தில் காய்கறி வாசலுக்கு வந்துவிடும் என்கிற வசதி கை கால் முடியாதவர்களுக்கு வரம்தான். நடக்க முடிந்தவருக்கு அது அந்தக் கேள்வியை இல்லாமல் செய்துவிடுகிறது.

நம் ஊர்ப் பேக்கரிகளும் இந்தக் கணக்கில் சேரும். கோவையிலும் திருப்பூரிலும் டீ குடிப்பதென்றால் பேக்கரி. விடிகாலையிலும் மாலையிலும் பன், பப்ஸ் அடுக்கிய கண்ணாடிப் பெட்டிக்கு முன்னால் நின்றுகொண்டே வியாபாரம், கல்யாணம், அரசியல் எல்லாம் பேசி முடிகிறது. ஆனால் அங்கே நிற்பது பெரும்பாலும் ஆண்கள். ஐம்பது வயதுப் பெண்ணுக்கு இந்த நகரத்தில் கோயிலைத் தவிர, காசு செலவில்லாமல், யாரும் ஏனென்று கேட்காமல் அரை மணி நேரம் உட்கார எந்த இடம் இருக்கிறது? குழாயடி போன பிறகு அவளுக்கு ஈடாக எதையும் நாம் கொடுக்கவில்லை.

பழைய உறவுகளுக்குத் திரும்பிப் போனால் போதும் என்பவர்களிடம் எனக்கு ஒரு மறுப்பு உண்டு. மேலே சொன்ன கிணற்று மேட்டுக்கே திரும்ப வருவோம். தண்ணீர் இறைத்த தோல் சாலைத் தைத்துக் கொடுத்தவர் மாதாரி எனப்பட்ட அருந்ததியர். ஆண்டுக்கு ஒப்புக்கொண்டு பண்ணையத்தில் உழைத்தவர் அவர். தோட்டக்காரரைப் ‘பண்ணாடி’ என்று கூப்பிட்டார். பண்ணாடி வீட்டுத் திண்ணையில் அவர் உட்கார முடியாது, குடிக்கத் தனிக் குவளை. கோவைப் பகுதிக் கிராமங்களைப் பல பத்தாண்டுகள் தொடர்ந்து ஆராய்ந்த ஜூடித் ஹேயர், அருந்ததியர் பண்ணையாட்களின் கட்டுண்ட உழைப்பைப் பதிவு செய்திருக்கிறார். அவர்களுடைய மகனுக்குத் திருப்பூரில் யாருக்கும் தன்னைத் தெரியாது என்பது முதல் நாள் பயமாகவும் மறுநாள் நிம்மதியாகவும் இருந்திருக்கும். பெருநகரம் மனிதனுக்குத் தரும் சுதந்திரமும் தனிமையும் ஒரே ஊற்றிலிருந்து வருகின்றன என்று ஜெர்மானியச் சிந்தனையாளர் கியோர்க் சிம்மல் 1903-ல் எழுதினார். அந்தச் சுதந்திரத்தைத் திருப்பிக் கொடு என்று அவர்களிடம் கேட்க யாருக்கும் உரிமை இல்லை.

அதுமட்டுமா? 2016 மார்ச் 13 அன்று உடுமலைப்பேட்டை பேருந்து நிலையத்துக்கு அருகே பட்டப்பகலில் சங்கர் என்ற இளைஞர் வெட்டிக் கொல்லப்பட்டது, சாதி மாறிக் காதலித்து மணந்ததற்காக. பங்காளி, மாமன் மச்சான், கூட்டம் எனப்படும் குலப்பிரிவு, குலதெய்வம் என்று நாம் பெருமையாகச் சொல்லும் வலை தன்னை மீறியவர்களை எப்படித் தனிமைப்படுத்தும் என்பதற்கு கொங்கு நாட்டில் சாட்சிகள் குறைவில்லை. சொந்த ஊருக்குள் கால் வைக்க முடியாமல் வேறு நகரத்தில் வாடகை வீட்டில் வாழும் இளம் தம்பதிகளின் தனிமையை எந்தக் கணக்கெடுப்பும் எண்ணியதில்லை.

ஆகவே நமக்கு வேண்டியது பிறப்பால் வராத உறவு. ஆனால் பழைய உறவைத் தாங்கிய அந்த ஒரு குணம் இதற்கும் வேண்டும்: ஒருவருக்கொருவர் தேவைப்பட வேண்டும். சும்மா சந்தித்துப் பழகுங்கள் என்று சொல்வதால் பழக்கம் வராது. வடவள்ளி, தொண்டாமுத்தூர்ப் பக்கம் வளர்ந்திருக்கிற மூத்தோர் குடியிருப்புகளில் முதியவர்கள் ஓரளவு கலகலப்பாக இருப்பதற்குக் காரணம் பொதுச் சமையலறை. மூன்று வேளையும் ஒரே கூடத்துக்கு வந்தாக வேண்டும். அந்த வசதியை விலை கொடுத்து வாங்க முடிந்தவர்கள் கொஞ்சம் பேர். விலையில்லாமல் நடப்பதற்கும் கோவையிலேயே உதாரணம் இருக்கிறது. கோவை குளங்கள் பாதுகாப்பு அமைப்பு 2017 முதல் ஞாயிற்றுக்கிழமைகளில் ஆட்களைத் திரட்டி நொய்யல் வழிக் குளங்களைத் தூர்வாரி, குப்பை அள்ளி, மரம் நட்டு வருகிறது. மாணவர், பட்டறைத் தொழிலாளி, ஓய்வுபெற்றவர், ஐடி ஊழியர் எல்லோரும் சேறு பூசிய கையோடு நிற்கும்போது யார் எந்தக் கூட்டம் என்று கேட்க நேரம் இருப்பதில்லை. சட்டியைக் கைமாற்ற அடுத்த ஆள் வேண்டும், அவ்வளவுதான்.

இதற்கு முதலில் இடம் வேண்டும். இடம் இல்லாமல் இல்லை. 3,000 சதுர மீட்டருக்கு மேற்பட்ட மனைப்பிரிவில், சாலைகள் போக மீதியில் பத்தில் ஒரு பங்கைப் பொதுத் திறந்தவெளியாக விட வேண்டும் என்பது தமிழ்நாட்டு விதி. கோவையில் இதை ரிசர்வ் சைட் என்போம். ஆக்கிரமிப்பில் போன ரிசர்வ் சைட்டுகளை மாநகராட்சி வழக்குப் போட்டு மீட்பது இங்கே வாடிக்கையான செய்தி. மீட்ட பிறகும் பல இடங்களில் கம்பி வேலியும் அறிவிப்புப் பலகையும் மட்டும் நிற்கின்றன. அவற்றில் நிழலான பெஞ்சும், சுத்தமான பெண்கள் கழிப்பறையும், வாரம் இரண்டு நாள் உழவர் கடையும், மாலையில் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லித்தர ஒரு கூரையும் வந்தால் போதும். ஓய்வுபெற்ற ஆசிரியருக்கு வேலை கிடைக்கும், ஒடிசாக் குழந்தைக்குத் தமிழ் கிடைக்கும். தோட்டத்து வீடுகளுக்கு இதே வேலையைப் பால் சொசைட்டியும் ரேஷன் கடையும் செய்ய முடியும். தனித்து வாழும் முதியவர் வழக்கமாக வரும் நாளில் வரவில்லை என்றால் அன்றைக்கே வீட்டுக்கு ஆள் போக வேண்டும் என்பதை ஊராட்சி ஒரு பொறுப்பாக எழுதி வைக்கட்டும். முதியவர்களுக்கு 14567, மனத்துயருக்கு 14416 என்ற அரசு உதவி எண்கள் இருக்கின்றன. அவற்றைத் தோட்டத்து வீட்டுச் சுவரில் பெரிதாக எழுதி ஒட்டுவது உடனே செய்யக் கூடியது.

உங்கள் குடியிருப்பின் மனைப்பிரிவு வரைபடத்தை உள்ளாட்சி அலுவலகத்தில் கேட்டு வாங்கிப் பாருங்கள். பொது உபயோகத்துக்கென்று அதில் குறித்த இடம் எது, இன்று அங்கே என்ன இருக்கிறது என்று தெருவில் நாலு பேரைச் சேர்த்துக்கொண்டு போய்ப் பாருங்கள். அடைத்துக் கிடந்தால் திறக்கச் சொல்லி மனுக் கொடுங்கள்.